நிலுவையில் நிற்கும் செயலிகள்

திறன்பேசியின் செயலிக் கடையில் ஏதேனும் ஒன்றை நிறுவ முயல்பவர் அடிக்கடி காணும் சொல் 'நிலுவையில்'. வட்டம் சுழன்றுகொண்டே இருக்கும், விழுக்காடு ஏறாது. தமிழில் இச்சொல்லுக்குப் பழைய அலுவலக வாசனை உண்டு. வரி நிலுவை, சம்பள நிலுவை, வழக்கு நிலுவை என்று, ஒருவர் மற்றொருவருக்குத் தரவேண்டியதைத் தராமல் வைத்திருக்கும் நிலையையே அது குறித்துவந்திருக்கிறது. அங்கெல்லாம் கடன்பட்டவர் யார் என்பதும் தெரியும். திறன்பேசித் திரையில் மட்டும் அது சொல்லப்படுவதில்லை.

இச்சிக்கலுக்கான அறிவுரைகள் எங்கும் ஏறக்குறைய ஒரே வரிசையில் கிடைக்கின்றன. கைபேசியை அணைத்து மீண்டும் இயக்குக. வைஃபை இணைப்பைச் சரிபார்க்க. பிளே ஸ்டோரின் தற்காலிகச் சேமிப்பை நீக்குக. இடம் போதவில்லையெனில் படங்களை அழிக்க. இவற்றில் தவறானது எதுவுமில்லை. பலருக்கு முதல் இரண்டிலேயே காரியம் முடிந்துவிடுகிறது. ஆயினும் எல்லா அறிவுரைகளும் ஒரே ஆளை நோக்கியே பேசுகின்றன: கைபேசியைக் கையில் வைத்திருப்பவரை. இறங்காமல் நிற்பது ஒரு விளையாட்டுச் செயலி என்றால் இதைப் பொருட்படுத்த வேண்டியதில்லை. கூலியும் வருகைப்பதிவும் ஓய்வூதியமும் தேர்வு விண்ணப்பமும் செயலிக்குள் வைக்கப்பட்டுவிட்ட நாட்டில், அது இறங்காமல் போனால் சரிசெய்துகொள்ளும் பொறுப்பும் அதே ஆளின் தலையில் விடப்படுவது ஒரு நிர்வாக முடிவு. தொழில்நுட்பத்தின் பெயரால் அம்முடிவு விவாதத்திற்கே வராமல் நழுவிவிடுகிறது.

பழுதின் உடற்கூறைச் சற்று விரிவாகப் பார்த்தால் இது விளங்கும்.

'நிலுவையில்' என்ற சொல் திரையில் நிற்கும்போது, பெரும்பாலும் பதிவிறக்கம் தொடங்கியிருக்கவே இல்லை. பிளே ஸ்டோர் ஒரே நேரத்தில் ஒருசில செயலிகளை மட்டுமே இறக்கும். மற்றவை வரிசையில் காத்திருக்கும். பயனர் கேளாமலே பின்னணியில் நடக்கும் புதுப்பித்தல்கள் அவ்வரிசையின் முன்னால் நின்றுகொண்டிருக்கலாம். கடையின் உள்ளே, செயலிகளை நிர்வகிக்கும் பக்கத்திற்குச் சென்று அவற்றை நிறுத்திவைத்தால் வழி திறந்துவிடும். அடுத்தது, வைஃபையில் மட்டுமே இறக்க வேண்டும் என்ற அமைப்பு. வீட்டில் வைஃபை இல்லாத ஒருவரின் கைபேசியில் இந்த அமைப்பு இருந்தால், அச்செயலி ஒருபோதும் இறங்காது. இறங்காத காரணமும் அவருக்குத் தெளிவாகத் தெரியாது. மின்கலம் முற்றாகத் தீர்ந்து உயிர்பெற்ற பழைய கைபேசியில் நாளும் நேரமும் தவறாக இருந்தால், பாதுகாப்புச் சான்றிதழைச் சரிபார்க்கும் கட்டத்திலேயே இணைப்பு மறுக்கப்படும். தரவுச் சிக்கனம், மின்சிக்கனம், விபிஎன் ஆகியவற்றில் ஏதேனும் ஒன்று குறுக்கே நிற்பதும் உண்டு. ஐபேடில் 'காத்திருக்கிறது' என்று மங்கலாகத் தெரியும் சின்னத்தை அழுத்திப் பிடித்தால் முன்னுரிமை தரும் வாய்ப்பு வரும். கைபேசித் தரவில் 200 எம்பிக்கு மேற்பட்ட செயலிகளுக்கு அனுமதி கேட்கும் அமைப்பும் அங்குண்டு. இவையெல்லாம் பொறுமையுள்ள ஒருவர் கால் மணி நேரத்தில் கண்டறியக்கூடியவை.

தற்காலிகச் சேமிப்பை நீக்குவதற்கும் தரவை நீக்குவதற்கும் உள்ள வேறுபாட்டை மட்டும் பலர் குழப்பிக்கொள்கின்றனர். முதலாவது பாதிப்பில்லாதது. இரண்டாவது, பிளே ஸ்டோருக்குச் செய்யப்பட்டால் அதன் அமைப்புகளை மட்டும் தொடக்க நிலைக்குக் கொண்டுசெல்லும். வங்கிச் செயலிக்கோ களப்பணிச் செயலிக்கோ தவறுதலாகச் செய்யப்பட்டால், உள்நுழைவும் அனுப்பப்படாமல் சேமித்துவைத்திருந்த பதிவுகளும் போய்விடும். அறிவுரை வழங்குவோர் இந்த எச்சரிக்கையைச் சொல்லாமல் விடுவது பொறுப்பின்மை.

கைபேசிக்குள் தேடிக் கண்டுபிடிக்க இயலாத காரணங்களே இந்தியச் சூழலில் கனமானவை. அவற்றுள் முதன்மையானது நாள் அளவு.

2016 செப்டம்பரில் ஜியோ வந்தபின் இந்நாட்டின் முன்கட்டணத் திட்டங்கள் நாள் கணக்கில் அமைந்துவிட்டன. நாளொன்றுக்கு 1 ஜிபி, 1.5 ஜிபி, 2 ஜிபி என்ற அளவுகள் பால் பாக்கெட் அளவுகளைப் போல வீட்டுப் பேச்சில் புழங்குகின்றன. அளவு தீர்ந்ததும் இணைப்பு அறுபடுவதில்லை. வேகம் நொடிக்கு 64 கிலோபிட்டாகக் குறைக்கப்படுகிறது. இதைக் கணக்கிட்டுப் பார்த்தவர் குறைவு. 64 கிலோபிட் என்பது 8 கிலோபைட். 100 எம்பி அளவுள்ள செயலி ஒன்று அவ்வேகத்தில் இறங்க 12,500 நொடிகள் ஆகும். அதாவது ஏறக்குறைய மூன்றரை மணி நேரம். அதுவும் வேறெந்தச் செயலியும் அவ்வலைவரிசையைப் பங்கிட்டுக்கொள்ளாதிருந்தால். அம்மூன்றரை மணி நேரமும் திரையின் மேல்மூலையில் 4ஜி என்ற குறி நிறைவான கோடுகளுடன் நின்றுகொண்டிருக்கும். ஆக, பதிவிறக்கம் 'சிக்கிக்கொண்டது' என்று எண்ணப்படும் நிலைகளில் ஒரு பகுதி உண்மையில் சிக்கலே அல்ல. அது ஒரு கட்டணத் திட்டத்தின் துல்லியமான செயல்பாடு.

இதை அறியாத பயனர் என்ன செய்வார்? ரத்துசெய்து மீண்டும் தொடங்குவார். அதுவரை இறங்கிய பகுதி வீணாகும். மறுநாள் புதிய அளவில் பாதி, நேற்றைய தோல்வியைத் திரும்பச் செய்வதில் கரையும். ஒரே கைபேசியில் மூத்த பிள்ளையின் வகுப்புக் காணொளியும் இளைய பிள்ளையின் பாடமும் தாயின் பணிச்செயலியும் ஓடும் வீடுகளில், மாலைக்குள் அளவு முடிந்திருக்கும். நள்ளிரவு 12 மணிக்குக் கணக்கு புதுப்பிக்கப்படும் என்பதால் விடுதி மாணவர்கள் பெரிய பதிவிறக்கங்களை அதற்குப் பிறகு வைத்துக்கொள்வதுண்டு. அங்கன்வாடிப் பணியாளரிடமும் அப்படி விழித்திருக்கச் சொல்லும் நிர்வாகம் எதுவும் அதைச் சுற்றறிக்கையில் எழுதாது.

இரண்டாவது காரணம் இடம். கடையில் காட்டப்படும் அளவு, இறக்கப்படும் கோப்பின் அளவு மட்டுமே. அதை விரித்து, நிறுவி, அக்கருவிக்கேற்ற வடிவில் தொகுத்து வைக்க அதைவிடக் கணிசமான இடம் தேவைப்படும். எனவே 80 எம்பி செயலிக்கு 100 எம்பி காலியாக இருக்கிறதே என்று வியப்பவரின் வியப்பு நியாயமானது. கடை அவருக்கு முழுக்கணக்கைச் சொல்லவில்லை. இடம் நிறைவதற்கு வாட்ஸ்அப்பின் காலை வணக்கப் படங்களே காரணம் என்று 2018இல் ஒரு செய்தி உலகம் முழுக்கச் சிரிப்புடன் படிக்கப்பட்டது. இந்தியர்கள் ரோஜாப்பூப் படங்களால் தம் கைபேசிகளை நிரப்பிக்கொள்கின்றனர் என்பதே அதன் சாரம். மலிவு விலைக் கைபேசியில் பயனர் கைவைப்பதற்கு முன்பே எவ்வளவு இடம் நிறைந்திருந்தது என்ற கேள்விக்கு அச்சிரிப்பில் இடமில்லை.

அக்கேள்வியை இந்தியப் போட்டி ஆணையம் வேறொரு கோணத்திலிருந்து எழுப்பியது. 2022 அக்டோபர் 20 அன்று ஆண்ட்ராய்டு தொடர்பான வழக்கில் கூகுளுக்கு 1,337.76 கோடி ரூபாய் அபராதம் விதித்த ஆணை, முன்னரே நிறுவப்பட்ட கூகுள் செயலிகளைப் பயனர் நீக்குவதைத் தடுக்கக்கூடாது என்றும் பணித்தது. 2023 மார்ச்சில் தேசிய நிறுவனச் சட்ட மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் அபராதத்தை உறுதிசெய்தது. ஆனால் செயலி நீக்கம் குறித்த அப்பணிப்பு உள்ளிட்ட நான்கை விலக்கிவிட்டது. போட்டிச் சட்ட வகுப்புகளில் இவ்வழக்கு சந்தை மேலாதிக்கம் பற்றியதாகவே படிக்கப்படுகிறது. குறைந்த சேமிப்புள்ள கைபேசியை வைத்திருப்பவர் எதை அழித்து எதை இறக்கலாம் என்பதையும் அத்தீர்ப்புகள் தொட்டன என்பது அவ்வளவாகக் கவனிக்கப்படவில்லை. தன் பிள்ளையின் படத்தை அழிக்கும் உரிமை அவருக்கு முழுமையாக உண்டு; ஒருமுறையும் திறந்து பாராத செயலியை அழிக்கும் உரிமை இல்லை.

மூன்றாவது காரணம் எந்தப் பழுதுநீக்கப் பட்டியலிலும் இடம்பெறாதது: அரசாணை. 2019 ஆகஸ்டில் ஜம்மு காஷ்மீரில் தொலைத்தொடர்பு முற்றாக நிறுத்தப்பட்டது. 2020 ஜனவரி 10 அன்று அனுராதா பாசின் வழக்கில் உச்ச நீதிமன்றம் காலவரையற்ற இணைய முடக்கம் செல்லாது என்றது. அம்மாத இறுதியில் கைபேசி இணையம் 2ஜி வேகத்தில், முதலில் அனுமதிக்கப்பட்ட தளங்களுக்கு மட்டும், திரும்பியது. மார்ச்சில் அந்தப் பட்டியல் நீக்கப்பட்டது. வேகத் தடை நீடித்தது. அதே மார்ச்சில் பெருந்தொற்று வந்தது. பள்ளிகள் திரைக்குள் சென்றன. தீவிர சிகிச்சைக்கான வழிகாட்டி ஆவணத்தை இறக்கவே மணிக்கணக்கில் ஆகிறது என்று பள்ளத்தாக்கின் மருத்துவர்கள் வெளிப்படையாக முறையிட்டனர். மே 11 அன்று உச்ச நீதிமன்றம் 4ஜியை மீட்கும்படி ஆணையிடாமல் ஒரு சிறப்புக் குழுவை அமைக்கச் சொன்னது. ஆகஸ்டில் கந்தர்பல், உதம்பூர் ஆகிய இரு மாவட்டங்களுக்குச் சோதனை முறையில் 4ஜி கிடைத்தது. யூனியன் பிரதேசம் முழுமைக்கும் அது 2021 பிப்ரவரியில்தான் திரும்பியது. அப்பதினெட்டு மாதங்களில் ஸ்ரீநகரின் ஒரு மாணவி வகுப்புச் செயலியை இறக்க முயன்று, தற்காலிகச் சேமிப்பை நீக்கி, கைபேசியை அணைத்து இயக்கியிருந்தால், அது யாரை நோக்கிய அறிவுரையின் பலன்?

காஷ்மீர் விதிவிலக்கு என்று ஒதுக்குவதற்கில்லை. போட்டித் தேர்வு நாள்களில் வினாத்தாள் கசிவைத் தடுக்கும் பெயரால் ராஜஸ்தான் உள்ளிட்ட மாநிலங்களில் மாவட்டம் மாவட்டமாகக் கைபேசி இணையம் நிறுத்தப்பட்டிருக்கிறது. தேர்வெழுதுபவர், தேர்வெழுதாதவர், அன்று விண்ணப்பத்தின் கடைசி நாளைக் கொண்டவர் என்ற வேறுபாடு அந்த நிறுத்தத்திற்குத் தெரியாது.

உள்கட்டமைப்பு பற்றிய சமூகவியலில் ஒரு புகழ்பெற்ற கருத்துண்டு. நன்றாக இயங்கும்வரை உள்கட்டமைப்பு கண்ணுக்குப் புலப்படாது, பழுதுபடும்போதே அது வெளிப்படுகிறது என்று சூசன் லீ ஸ்டார் 1990களில் எழுதினார். ஆய்வேடுகளில் இன்றளவும் ஏறக்குறைய தவறாமல் எடுத்தாளப்படும் கருத்து இது. பதிவிறக்கப் பழுதில் இது பாதியளவே பொருந்துகிறது. இங்கே பழுது வரும்போது தொலைத்தொடர்பு நிறுவனத்தின் கட்டண வடிவமோ, முன்நிறுவப்பட்ட செயலிகளின் ஒப்பந்தமோ, இணையத்தை நிறுத்திய ஆணையோ புலப்படுவதில்லை. 'நிலுவையில்' என்ற ஒற்றைச் சொல் அனைத்தையும் மூடிவிடுகிறது. புலப்படுவது ஒன்றுதான்: பயனரின் அறியாமை. 'அம்மாவுக்கு ஃபோன் பார்க்கத் தெரியாது' என்று வீட்டிலும், 'களப்பணியாளர்களுக்குப் பயிற்சி போதாது' என்று அலுவலகத்திலும் அது மொழிபெயர்க்கப்படுகிறது. உள்கட்டமைப்பின் பழுது மனிதரின் குறையாக உருமாறும் இவ்விடத்தில் இந்திய ஆய்வாளர்கள் ஸ்டாரைத் திருப்பி வாசிக்க வேண்டியிருக்கிறது. டிஜிட்டல் எழுத்தறிவு என்ற பெயரில் நடத்தப்படும் பயிற்சிப் பட்டறைகளில் பல, இவ்வுருமாற்றத்திற்குச் சான்றளிக்கும் சடங்குகளாகவே முடிகின்றன.

சரிசெய்யும் உழைப்பு யாருடையது என்பதும் சேர்த்துக் கேட்கப்பட வேண்டியது. கல்லூரி செல்லும் மகள், ரீசார்ஜ் கடையின் இளைஞர், பொதுச் சேவை மையத்தை நடத்துபவர் ஆகிய மூவருமே இந்நாட்டின் உண்மையான உதவி மையங்கள். மகளுக்குக் கூலி இல்லை. கடைக்காரர் இருபதோ ஐம்பதோ வாங்குவார். அரசின் சேவை செயலிக்கு மாறியதால் மிச்சமான செலவு என்று நிர்வாகக் கணக்கில் காட்டப்படும் தொகையில் இவர்களின் நேரம் கழிக்கப்படுவதில்லை.

கட்டாயம் என்ற சொல் இதனுடன் சேரும்போது விளைவு கடுமையாகிறது. ஊரக வேலை உறுதித் திட்டத்தில் தொழிலாளர் வருகையைப் படமெடுத்துப் பதியும் என்எம்எம்எஸ் செயலி 2021 மே மாதம் அறிமுகமானது. 2023 ஜனவரி 1 முதல் ஏறக்குறைய எல்லாப் பணியிடங்களுக்கும் கட்டாயமாக்கப்பட்டது. இடக்குறியுடன் நாளுக்கு இரண்டு படங்கள். கைபேசியை வாங்குவதும் தரவுக்குச் செலவிடுவதும் பெரும்பாலும் பணித்தள மேற்பார்வையாளரின் பொறுப்பாயின. அவர்களில் பலர் பெண்கள். செயலி இறங்காவிட்டாலோ, புதுப்பித்தல் நிலுவையில் நின்றாலோ, மண்வெட்டியுடன் நின்ற அனைவரின் அன்றைய வேலையும் ஆவணத்தில் நடக்காததாகிவிடும். கையால் பதியும் விதிவிலக்குக்கு மாவட்ட அளவிலான அதிகாரியின் ஒப்புதல் வேண்டும். பணியிடத்திலிருந்து மாவட்டத் தலைநகருக்குச் செல்லும் பேருந்துக் கட்டணத்தை ஒரு நாள் கூலியோடு ஒப்பிட்டால் அவ்விதிவிலக்கின் மதிப்பு தெரிந்துவிடும். 2023 பிப்ரவரியில் தொழிலாளர்கள் தில்லி ஜந்தர் மந்தரில் நூறு நாள் போராட்டத்தைத் தொடங்கியபோது, இச்செயலியைத் திரும்பப் பெறுவது அவர்களின் முதன்மைக் கோரிக்கைகளுள் ஒன்றாக இருந்தது. மகாராஷ்டிரத்தில் 2021 ஆகஸ்டில் அங்கன்வாடிப் பணியாளர்கள் அரசு தந்த கைபேசிகளையே திருப்பிக் கொடுத்துப் போராடினர். போஷண் டிராக்கர் செயலியைத் தாங்கும் திறன் அக்கைபேசிகளுக்கு இல்லை என்பது அவர்களின் வாதம். பழுதுநீக்க அறிவுரைகள் அனைத்தையும் ஒரே செயலால் உரியவரிடம் திருப்பி அனுப்பிய போராட்டம் அது.

கல்விப்புலம் இதற்கு வெளியே இல்லை. 2025 மே 1 முதல் மருத்துவக் கல்லூரி ஆசிரியர்களுக்கு முகமறிதல் வழியிலான ஆதார் வருகைப்பதிவைத் தேசிய மருத்துவ ஆணையம் கட்டாயமாக்கியது; அதற்கும் கைபேசிச் செயலியே கருவி. பேராசிரியர்கள் அதனை அந்தரங்க உரிமை சார்ந்து விமர்சித்தனர், அது சரியானதே. அதே செயலிமயத்தைத் தம் கல்லூரிகளின் விடுதி வருகைக்கும் கட்டணத்திற்கும் மாணவர்மீது சுமத்தும் குழுக்களில் பேராசிரியர்கள் அமர்ந்திருப்பது அவ்வளவு விவாதிக்கப்படுவதில்லை. பள்ளிகளில் விநியோகிக்கப்படும் டேப்லெட்டுகளின் நிலை வேறொரு விதம். அவற்றில் நிறுவப்படும் மேலாண்மை மென்பொருள் அனுமதித்த செயலிகள் மட்டுமே இறங்கும். அது நியாயமான பாதுகாப்புதான். ஆனால் அங்கே ஒரு பதிவிறக்கம் நின்றால் மாணவரால் அமைப்புப் பக்கத்தையே திறக்க இயலாது. பழுதுநீக்க அதிகாரம் இல்லாத ஒருவரிடம் பழுதுநீக்கப் பொறுப்பு மட்டும் எஞ்சுகிறது.

செயலிகளுக்கு ஆதரவான வாதங்கள் இல்லாமலில்லை. இணையமற்ற இடத்தில் பதிந்து பின்னர் அனுப்புவது, இடக்குறி, படக்கருவி, சாதனத்தோடு பிணைந்த பாதுகாப்பு ஆகியவை உலாவிப் பக்கத்தைவிடச் செயலியில் எளிது. களப்பணிக்கு இது உண்மையிலேயே பயன்படுகிறது. ஆனால் விண்ணப்பப் படிவம், மதிப்பெண் பட்டியல், கட்டண ரசீது ஆகியவற்றுக்கு இவற்றில் எதுவும் தேவையில்லை. கைபேசி உலாவியில் திறக்கும் ஒரு பக்கம் எந்த வரிசையிலும் காத்திருப்பதில்லை; செயலி கேட்கும் இடத்தில் மிகச் சிறு பங்கே அதற்குப் போதும்; ஆண்ட்ராய்டு பதிப்பைக் காரணம் காட்டி அது கடையிலிருந்து மறைவதுமில்லை. செயலியைத் தேர்ந்தெடுக்கும் நிறுவனங்கள் பலவற்றுக்கு உண்மைக் காரணம் தொழில்நுட்பம் அன்று. தொடக்க விழா நடத்தவும் பதிவிறக்க எண்ணிக்கையை ஆண்டறிக்கையில் அச்சிடவும் செயலியே ஏற்றது. இணையப் பக்கத்திற்கு ரிப்பன் வெட்டுவது கடினம்.

அரசு இதைக் கற்றுக்கொண்ட தருணங்களும் உண்டு. 2020 மே 1 அன்று வெளியான உள்துறை அமைச்சக வழிகாட்டுதல் ஆரோக்கிய சேதுவை எல்லா ஊழியர்களுக்கும் கட்டாயமாக்கியது. மே 17 அன்று வெளியான வழிகாட்டுதலில் அது இயன்றவரையிலான முயற்சி என்று தளர்ந்தது. பொருந்தக்கூடிய கைபேசி உள்ளவர்களுக்கு என்ற வரம்பும் சேர்ந்தது. எல்லோரிடமும் செயலியைத் தாங்கும் கைபேசி இல்லை என்பது ஆணையின் மொழியில் இடம்பெறப் பதினாறு நாள்கள் ஆயின. ஓய்வூதியர்களின் உயிர்வாழ் சான்றிதழ் இன்னும் நல்ல எடுத்துக்காட்டு. 2021 நவம்பரில் வந்த முகமறிதல் முறைக்கு இரண்டு செயலிகளை இறக்க வேண்டும்; ஒன்று இறங்காவிட்டால் மற்றது பயனற்றது. ஆனாலும் அந்த முதியவரின் ஓய்வூதியம் நிற்பதில்லை. வங்கிக் கிளைக்குச் செல்லலாம், கைரேகைக் கருவியுள்ள மையத்திற்குச் செல்லலாம், அஞ்சல்காரரை வீட்டுக்கே வரவழைக்கலாம். பணப்பரிமாற்றத்தில் 2014 முதல் *99# வழியும், 2022 மார்ச் முதல் சாதாரணக் கைபேசிக்கான யுபிஐ 123பே வழியும் இருக்கின்றன. இவை எவ்வளவு பயன்படுத்தப்படுகின்றன என்பது வேறு கேள்வி; கதவு ஒன்றுக்கு மேல் வைக்க முடியும் என்பதற்கு இவை போதும்.

கற்றுக்கொள்ளாத தருணமும் ஒன்றுண்டு. 2025 நவம்பர் இறுதியில் தொலைத்தொடர்புத் துறை சஞ்சார் சாத்தி செயலியை எல்லாப் புதிய கைபேசிகளிலும் முன்னரே நிறுவும்படி உற்பத்தியாளர்களைப் பணித்தது. எதிர்ப்பு எழுந்து, டிசம்பர் 3 அன்று அந்த ஆணை திரும்பப் பெறப்பட்டது. மக்கள் இறக்க வேண்டிய அவசியமே இல்லாதபடி செயலியை உள்ளேயே வைத்துவிடுவது பதிவிறக்கச் சிக்கலுக்கு ஒருவகைத் தீர்வுதான். காலிப் பாத்திரம் இல்லாதவர் வீட்டு அடுப்பில் தன் பாத்திரத்தை ஏற்றிவைத்துவிட்டுப் போவதைப் போன்ற தீர்வு.

பதிவிறக்கம் நிற்பதன் ஆபத்தான விளைவு வேறோரிடத்தில் இருக்கிறது. கடையில் இறங்காத செயலியை மனிதர்கள் வேறு வழியில் தேடுவர். முன்பு ஷேர்இட், ஸெண்டர் போன்றவற்றின் மூலம் நண்பரின் கைபேசியிலிருந்து தரவுச் செலவின்றிச் செயலியைப் பெற்றுக்கொள்ளும் பழக்கம் பரவலாக இருந்தது. 2020 ஜூன் 29 அன்று தடைசெய்யப்பட்ட 59 செயலிகளில் இவ்விரண்டும் அடக்கம். தடைக்கான பாதுகாப்புக் காரணங்கள் எப்படியிருப்பினும், தரவு குறைந்தவர்களின் பகிர்வு வழி ஒன்று அன்றோடு குறுகியது. கைபேசியிலேயே வரும் அருகமைப் பகிர்வு வசதியை அறிந்தவர்கள் அவ்வளவு பேர் இல்லை. எஞ்சியது வாட்ஸ்அப்பில் வரும் ஏபிகே கோப்பு. போக்குவரத்து அபராதம், விவசாயி உதவித்தொகை, வங்கிச் சரிபார்ப்பு, திருமண அழைப்பிதழ் என்ற பெயர்களில் வரும் ஏபிகே கோப்புகள் குறுஞ்செய்திகளைப் படித்து வங்கிக் கணக்கைத் துடைத்தெடுப்பது குறித்துப் பல மாநிலக் காவல்துறைகள் எச்சரித்துள்ளன. எச்சரிக்கைகள் பேராசையையும் அறியாமையையும் கண்டிக்கின்றன. உண்மையான செயலி நிலுவையில் நின்றதாலேயே ஒருவர் போலியை நாடியிருக்கலாம் என்ற சாத்தியம் அவற்றில் பேசப்படுவதில்லை. இறங்காத செயலியை முன்வைத்து எவர் எந்த அறிவுரையை மறந்தாலும், அனுப்பப்பட்ட ஏபிகேயை நிறுவாதிருப்பது ஒன்றை மறக்கலாகாது.

காலக்கெடுவில்தான் இவையனைத்தும் முடிச்சிடப்படுகின்றன. 2021 ஜூன் 7 அன்று தொடங்கப்பட்ட புதிய வருமானவரித் தளம் தொடக்கத்திலேயே தடுமாறியது. செப்டம்பர் 9 அன்று நேரடி வரிகள் மத்திய வாரியம், வரி செலுத்துவோர் சந்தித்த சிரமங்களைக் குறிப்பிட்டுத் தனிநபர்களுக்கான கடைசி நாளை டிசம்பர் 31 வரை நீட்டித்தது. உலாவியின் தற்காலிகச் சேமிப்பை நீக்கிவிட்டு மீண்டும் முயல்க என்று எவரும் பட்டயக் கணக்காளர்களிடம் சொல்லி நிறுத்திக்கொள்ளவில்லை. தளத்தின் பழுது தளத்தின் பழுதாகவே ஏற்கப்பட்டது. மண் வெட்டியவரின் வருகைக்கோ, உதவித்தொகைக்கு விண்ணப்பிக்கும் முதல் தலைமுறை மாணவருக்கோ அதே மரியாதை கிடைக்க, புதிய சட்டம் எதுவும் தேவையில்லை. ஒரு பல்கலைக்கழகம் தன் அடுத்த சுற்றறிக்கையிலேயே இதைத் தொடங்கலாம். செயலியின் பெயரோடு அதன் முழு அளவு, நிறுவத் தேவையான காலி இடம், அது இயங்கும் மிகப் பழைய ஆண்ட்ராய்டு பதிப்பு, அதே வேலையைச் செய்யும் உலாவி முகவரி, இரண்டும் இயலாதவர் படிவத்தை நேரில் தரக்கூடிய அறையின் எண், செயலி இயங்காத நாள்கள் கடைசித் தேதிக் கணக்கில் சேரா என்ற ஒரு வரி. அச்சிட்டால் அரைப் பக்கம் வரும்.